நெடுங்கரைவிளை, மூ.மு.

கொக்கிரகுளத்தில், ஆட்சியர் அலுவலக மாடியில்,
ஆறு தெரியாத பக்கத்து ஜன்னலோரம்
ஒரு தொகுதியைக் கட்டிக்கொண்டிருந்தேன்.
சிவப்பு நாடா போதவில்லை.
வாழைநார் வாங்கி வந்தான் டவாலி.

கள்ளியோடைக்கு மேற்கே எழுபத்தொரு பாகம் ஒரு பக்கம்,
கிழக்கே தேரிமணல் வரைக்கும் இன்னொரு பக்கம்.
கோடு போட்டவர்
ஓடையில் எந்த மாதம் தண்ணீர் வரும் என்று கேட்கவில்லை.
கோடு போனது
சர்ச்சுக்கும் கல்லறைத் தோட்டத்துக்கும் நடுவே.
ஜெபம் ஒரு தொகுதியில்,
அடக்கம் மறு தொகுதியில்.

கட்டுமுன் ஒருமுறை புரட்டினேன்.

முதல் ஆள் அருமைநாயகம்.
பட்டணத்துக்கு ரயிலேறும்போதெல்லாம்
ஒரு கொட்டான் கருப்பட்டி கையில்.
சபையில் பேசியது ஒரே நாள்,
ஓடைக்குப் பாலம் கேட்டு.
அச்சில் ஊர்ப்பெயர்
'நெடுங்கரைவலை' என்று விழுந்துவிட்டது.
மீன்வளத் துறை பதில் எழுதியிருக்கிறது:
வலைக்கான மானியம் பரிசீலனையில் உள்ளது.

அடுத்து வெயிலுகந்தபெருமாள்.
பாலத்தைக் கொண்டுவந்தே விட்டார்.
அந்த ஐப்பசி வெள்ளத்தில்
ஓடை ஐம்பது கெஜம் தள்ளிப் போயிற்று.
பாலம் இன்னும் இருக்கிறது,
மிளகாய் வற்றல் காயப்போட.

தங்கப்பழம் ஆறே மாதம். மாரடைப்பு.
நாற்பதாம் நாள்
அவர் மனைவி கனகமணி எஸ்தரை
வெள்ளைச் சேலையில் ஜீப்பில் நிறுத்தினார்கள்.
கும்பிட்டால் போதும், பேச வேண்டாம் என்றார்கள்.
ஜெயித்த பிறகு பேசினாள்,
பீடிக் கம்பெனிக்காரன் இலையில் எடை அடிப்பதைப் பற்றி,
ஒரு கைத்தராசைச் சபைக்கே கொண்டுபோய்.
அவைக்காவலர் வாசலில் வாங்கி வைத்துக்கொண்டார்.
ரசீது கோப்பில் இருக்கிறது.
அடுத்த முறை சீட்டு இல்லை.

ஆவுடைநாயகம் இரண்டு தடவை, இரண்டு கட்சி.
வேட்டி அதேதான், கரை மாறியது.

கடைசி ஆள் மைதீன் பிச்சை.
நிழற்குடைகள் கட்டினார்,
பஸ் போகாத இரண்டு ஊர்கள் உட்பட.
அங்கே ஆடுகள் நிற்கின்றன,
'நெடுங்கரைவிளைத் தொகுதி மேம்பாட்டு நிதி'யின் கீழ்.

இன்னொரு பெயரும் உண்டு,
எல்லாத் தேர்தல் கணக்கிலும்
அடியிலிருந்து இரண்டாவது வரியில்:
சப்பாணிமுத்து, சுயேச்சை.
இருநூற்றுப் பன்னிரண்டு. தொண்ணூற்றேழு. நூற்று நாற்பது.
ஒரே ஒரு தடவை அறுநூற்றுப் பதினொன்று.

அவர் வந்தார்.
மஞ்சள் பையில் டெபாசிட் ரசீதுகள்,
விரலிடுக்கில் சைக்கிள் செயின் மசகு.
'கடை கிழக்கே, வீடு மேற்கே.
இனிமே நான் எங்க நிக்க?'

'எங்க வேணும்னாலும் நிக்கலாம் அண்ணாச்சி. சட்டம் அப்படி.'

'நிக்கலாம் வே. நிக்கதுக்கு என்ன.
தோக்கதுக்குச் சொந்த ஊரு வேணும்லா.
வேத்தூர்ல தோத்தா
வேற எவனோ தோத்த மாதில்லா இருக்கும்.'

டீ சொன்னேன். வேறென்ன சொல்ல.

ஆறவைத்துக் குடித்தவர்
அந்த அறுநூற்றுப் பதினொன்று வருஷத்துப்
பட்டியல் இருக்குமா என்றார்.
'யார் யாருன்னு இன்னும் பிடிபடல.'
கழித்துப்போட வைத்திருந்ததில்
அவர் பாகத்தை மட்டும் உருவிக் கொடுத்தேன்.
விதியில் இடமில்லை. கொடுத்தேன்.

கோப்பின் முகப்பில் நி.மு. என்று எழுதியிருந்தேன்,
நிரந்தரமாக வைக்க.
கண்காணிப்பாளர் சிவப்பில் அடித்து
மூ.மு. போட்டார்.
மூன்று வருஷம். பிறகு எடைக்கு.
'செத்த தொகுதிக்கு எதுக்குய்யா அலமாரி?'

வராந்தா பெஞ்சில் அவர்
பென்சிலோடு உட்கார்ந்திருந்தார்.
தன் தெருவைத் தேடிப் பிடித்தார்.
கதவு எண் பதினாலு, சம்சாரம் பெயர்.
பென்சில் அங்கே நின்றது.
டிக் போடவில்லை.
அடிக்கவும் இல்லை.
விரலை நாக்கில் தொட்டு
அடுத்த வீட்டுக்குப் போனார்.